யாரும் கூப்பிடாமலே படலைக்கு வந்த மிட்வைப்: யாழ்ப்பாணத்துக் கிராமங்களைச் சுகாதார சேவை எட்டிய விதம் பற்றி

நீங்கள் கேட்டிருப்பது, யாழ்ப்பாணத்துக் கிராமங்களுக்குச் சுகாதார சேவையைக் கொண்டுவந்தவர்கள் மிஷனரிமாரா அல்லது அரசாங்கமா என்பதுதான். ஆனால் உங்கள் கேள்வியில் உங்கள் அம்மம்மா சொன்னதாக வரும் ஒரு செய்தியே என் கவனத்தை அதிகம் ஈர்த்தது. பிள்ளை பிறந்து சில நாட்களுக்குள், யாரும் போய்க் கூப்பிடாமலே, பிரசவம் பார்க்கும் மிட்வைப் அம்மா சைக்கிளில் வந்து படலையை (வேலி வாசற்கதவை) தட்டினார் என்று அவர் சொல்லியிருக்கிறார். தொலைபேசியும் வாகனமும் இல்லாத காலத்தில், அந்த வீட்டில் ஒரு பிள்ளை பிறந்தது அவருக்கு எப்படித் தெரிந்தது, அவரை அங்கே அனுப்பியது யார் என்பதே உங்கள் கேள்வியின் உட்பொருள் என்று எடுத்துக்கொண்டு பதில் எழுதுகிறேன். நான் குடாநாட்டில் சுகாதார வைத்திய அதிகாரியாகப் பணியாற்றி ஓய்வுபெற்றவன். அந்த மிட்வைப் அம்மாமாரின் பதிவேடுகளைப் பார்த்துக் கையொப்பமிடுவது பல வருடங்களாக என் அன்றாட வேலையாக இருந்தது.

முதலில் இரண்டு விடயங்களைப் பிரித்துப் பார்க்க வேண்டும். நோய் வந்தவர் நாடிவரும் இடம் வைத்தியசாலை. நோய் வராதவரையும் வீடு தேடிப்போய்ப் பார்ப்பது பொதுச் சுகாதாரம். யாழ்ப்பாணத்தில் முதலாவது 19ஆம் நூற்றாண்டிலேயே வலுவாக வேரூன்றிவிட்டது. இரண்டாவது அதற்கு நெடுங்காலம் பிந்தியே வந்தது. இவை இரண்டையும் ஒன்றாக எண்ணுவதால்தான் "மிஷன் ஆஸ்பத்திரிகள் இருந்தன, அதனால் கிராமங்கள் சுகமாக இருந்தன" என்ற தவறான எண்ணம் நம்மிடையே நிலைத்திருக்கிறது என்று கருதுகிறேன்.

அமெரிக்க மிஷன் யாழ்ப்பாணத்துக்கு வந்தது 1816இல். வைத்தியர் ஜோன் ஸ்கடர் 1820 அளவில் பண்டத்தரிப்பில் வைத்தியம் பார்க்கத் தொடங்கினார். 1847இல் வந்த வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன் மானிப்பாயை நிலையமாகக் கொண்டு, இடையில் சில வருடங்கள் விடுமுறையில் சென்றது தவிர, 1873 வரை பணியாற்றினார். அவர் செய்தவற்றுள் பெரியது ஆஸ்பத்திரி அல்ல என்பது என் கணிப்பு. அறுபதுக்கும் மேற்பட்ட உள்ளூர் இளைஞர்களை வைத்தியர்களாகப் பயிற்றியதும், அவர்களுள் பிற்பட்ட வகுப்பினருக்குத் தமிழிலேயே கற்பித்ததும், அதற்கு வேண்டிய நூல்களைத் தமிழில் ஆக்கியதுமே பெரிய காரியங்கள். 1852இல் வெளிவந்த முதல் நூலே உடற்கூறு, உடற்றொழில் ஆகியவற்றோடு உடல்நலம் பேணுதலையும் சேர்த்துச் சொன்னது. மகப்பேறு பற்றிய நூல் 1857இல் வந்தது. அவரிடம் படித்தவர்கள் தத்தம் ஊர்களில் இருந்து வைத்தியம் பார்த்தபோது, ஆங்கில வைத்தியம் அந்நியமானது என்ற அச்சம் மெல்லக் குறைந்தது. 1898இல் இணுவிலில் பெண்களுக்கும் பிள்ளைகளுக்குமாகத் தொடங்கிய மக்லியோட் வைத்தியசாலை இன்னொரு தடையை நீக்கியது. ஆண் வைத்தியரிடம் உடலைக் காட்டக் கூசிய பெண்களுக்கு அங்கே பெண் வைத்தியர்களும் தாதியரும் இருந்தார்கள். இவை உறுதியான வரலாறு. ஆயினும் இந்த நிலையங்கள் எல்லாம் தம்மை நாடி வந்தவர்களுக்கே பயன்பட்டன. வண்டி பிடிக்க வசதியில்லாதவரும், வாசலுக்குள் போகத் துணியாதவரும், தமக்கு நோய் இருப்பதையே அறியாதவரும் அவற்றின் கணக்கில் வரவில்லை. அது மிஷனரிமாரின் குறையல்ல. ஒரு குறித்த பரப்பில் உள்ள எல்லோருக்கும் பொறுப்பேற்பது எந்தத் தனியார் நிலையத்தாலும் இயலாத காரியம்.

அரசாங்கத்தின் பக்கம் பார்த்தால், தொடக்ககாலப் பொதுச் சுகாதாரம் பெரும்பாலும் கொள்ளைநோய்க்கு அஞ்சி எடுத்த நடவடிக்கையாகவே இருந்தது. அம்மைப்பால் குத்துதல் இலங்கைக்கு 1802இலேயே வந்துவிட்டது. அதற்கான கட்டளைச் சட்டம் 1886இலும், தொற்றுத்தடைக் கட்டளைச் சட்டம் 1897இலும் வந்தன. சிவில் மருத்துவத் திணைக்களம் 1858இல் உருவானது. பேதி என்று நம்மவர்கள் சொன்ன கொலரா, இந்தியக் கரையிலிருந்து வந்த தோணிகளோடும் தோட்டங்களுக்குப் போன தொழிலாளரோடும் வந்தது. 1866இல் யாழ்ப்பாணத்தை அது கடுமையாகத் தாக்கியது. ஊரில் அப்படி ஒரு நோய் கண்டால் செய்தி ஊர்த் தலைமைக்காரரான விதானையார் வழியாக, கச்சேரி எனப்பட்ட அரசாங்க நிர்வாக அலுவலகத்துக்குப் போகும். அதன்பின் ஆட்களை ஒதுக்கிவைத்தல், உடுப்புகளை எரித்தல் என்று நடவடிக்கை தொடங்கும். இந்த முறையின் பெரும் பலவீனம், மக்கள் நோயாளியை மறைத்தார்கள் என்பது. அம்மாள் வந்த வீட்டில் வேப்பிலை கட்டி, வெளியார் வராமல் காப்பது நம் வழக்கம்; அந்த வீட்டுக்குள் அரசாங்க ஆள் வருவது தண்டனைபோலவே உணரப்பட்டது. இருந்தாலும் அக்காலத்தில் அரசாங்கம் செய்த ஒரு வேலை, அப்போது எவரும் சுகாதார சேவையாக எண்ணாதது, பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் அடித்தளமாயிற்று. அது 1867இல் தொடங்கிய பிறப்பு, இறப்புப் பதிவு. ஓர் ஊரில் எத்தனை பிள்ளைகள் பிறந்தன, அவற்றில் எத்தனை ஒரு வயதுக்குள் இறந்தன என்பது எழுத்தில் வந்த பிறகுதான், அந்த இறப்புகள் விதி என்ற நிலையிலிருந்து வினாவுக்குரியவை என்ற நிலைக்கு வந்தன.

உங்கள் அம்மம்மாவின் படலைக்கு மிட்வைப் வந்ததற்கான நேரடி வேர் 1926 ஜூலையில், யாழ்ப்பாணத்துக்கு வெகு தூரத்தில், களுத்துறையில் இருக்கிறது. அமெரிக்க அறக்கொடை நிறுவனமான றொக்பெல்லர் மன்றத்தினர் 1916 முதல் இலங்கையில் கொழுக்கிப்புழு ஒழிப்பு வேலை செய்துவந்தார்கள். மருந்து கொடுத்தால் புழு போகும். மலசலகூடம் இல்லாத இடத்தில் சில மாதங்களில் அதே ஆளுக்குத் திரும்ப வரும். ஒரு நோயைத் தனியே துரத்துவது பயன் தராது, ஒரு பரப்பில் உள்ள மக்களின் நலம் முழுவதையும் ஓர் அணியிடம் ஒப்படைக்க வேண்டும் என்பது இந்த அனுபவத்திலிருந்து பெற்ற பாடம். அதன்படியே களுத்துறையில் முதலாவது சுகாதாரப் பிரிவு அமைந்தது. ஆசியாவிலேயே அது முதலாவது என்று சொல்லப்படுகிறது. ஒரு சுகாதார வைத்திய அதிகாரி, பொதுச் சுகாதாரத் தாதிகள், அக்காலத்தில் சனிற்றரி இன்ஸ்பெக்டர் எனப்பட்ட பரிசோதகர்கள், மிட்வைப் எனப்பட்ட பயிற்சிபெற்ற மருத்துவிச்சிகள் ஆகியோர் எல்லை குறித்த ஒரு பிரதேசத்துக்குப் பொறுப்பானார்கள். பிறப்பு இறப்புக் கணக்கு, தொற்றுநோய்த் தடுப்பு, தாய் சேய் நலம், பாடசாலைப் பிள்ளைகளைப் பரிசோதித்தல், மலசலகூடமும் கிணறும், சுகாதாரக் கல்வி எல்லாம் அந்த ஒரே அணியின் வேலை. இந்த முறை 1930களில் நாட்டின் ஏனைய பகுதிகளுக்கும் விரிந்தது. 1934–35 மலேரியாக் கொள்ளையில் ஏறத்தாழ 80,000 பேர் இறந்ததும், அதில் கிராமங்களின் கதியற்ற நிலை அக்காலச் சட்டசபையான அரசாங்க சபைக்கு அப்பட்டமாகத் தெரிந்ததும் அந்த விரிவை விரைவாக்கின. ஆறுகள் இல்லாத நம் குடாநாட்டை அக்கொள்ளை தென்மேற்கைப் போல் தாக்கவில்லை. ஆனால் அதன் விளைவாகப் பெருகிய டிஸ்பென்சரிகளும் களப்பணியாளர்களும் நமக்கும் கிடைத்தன.

இனி அந்தச் சைக்கிளுக்கு வருவோம். மிட்வைப்புக்கு ஒரு பரப்புக் குறித்துக் கொடுக்கப்படும். என் காலத்தில் அது ஏறத்தாழ 3,000 பேர் வாழும் சில குறிச்சிகள், அதாவது ஊரின் சிறு பகுதிகள். பயிற்சி ஒன்றரை வருடம். அதில் ஒரு வருடம் வைத்தியசாலையில், ஆறு மாதம் களத்தில். அவர் அந்தப் பரப்பிலேயே அல்லது அதற்கு அண்மையில் குடியிருக்க வேண்டும் என்பது விதி. பிள்ளை பெறும் வயதில் உள்ள தம்பதிகள் ஒரு பதிவேட்டில், கர்ப்பிணிகள் இன்னொன்றில், பிறந்த பிள்ளைகளும் அவர்களுக்குப் போட்ட ஊசிகளும் வேறொன்றில். கல்யாணம் முடிந்து ஒரு பெண் அந்தக் குறிச்சிக்குக் குடிவந்தால், சில வாரங்களுக்குள் அவர் பெயர் முதலாவது பதிவேட்டில் ஏறிவிடும். மூன்று மாதக் கர்ப்பத்தில் அவர் இரண்டாவதுக்கு மாறுவார். ஆகவே பிரசவம் எப்போது என்பது மிட்வைப்புக்கு முன்கூட்டியே தெரியும். பிள்ளை பிறந்த முதல் பத்து நாட்களுக்குள் வீட்டுக்குப் போய்ப் பார்ப்பது அவருடைய கடமை. யாரும் கூப்பிடாமல் அவர் வந்தது இதனால்தான். அவர் போனாரா என்பதைப் பொதுச் சுகாதாரத் தாதி பார்ப்பார். அதற்கு மேல் வைத்திய அதிகாரி பார்ப்பார். ஒரு வீட்டுக்குப் போகாமலே போனதாக எழுதினால், அடுத்த கிளினிக்கில் அந்தத் தாய் வரும்போது அது வெளிப்பட்டுவிடும்.

பிரசவங்கள் வீட்டில் நடந்த காலத்தில் அவருடைய பையில் இருந்தவை மிக எளியவை: கொதிக்கவைத்த கத்தரிக்கோல், கொடி கட்டும் நூல், சவர்க்காரம், நகம் தேய்க்கும் தூரிகை. பிறந்த சில நாட்களில் இழுப்பு வந்து பிள்ளைகள் இறந்ததற்குப் பெரும்பாலும் காரணம் அசுத்தமான கருவியால் தொப்புள்கொடியை வெட்டி அதன்மேல் எதையாவது பூசியது என்பதால், அந்தக் கத்தரிக்கோலும் நூலும் காத்த உயிர்கள் பல. துடக்கு (பிள்ளைப்பேற்றுத் தீட்டு) உள்ள வீட்டுக்குள் வெளியாள் போவதும், பாட்டிமாரின் சொல்லுக்கு எதிராக ஒரு சொல் சொல்வதும் இலகுவான காரியங்கள் அல்ல. நல்ல மிட்வைப்மார் எதை விடவேண்டும், எதை விடக்கூடாது என்று அறிந்திருந்தார்கள். தாய்க்கு மருந்துச் சரக்கு அரைத்துக் கொடுப்பதையோ ஆவி (வேது) பிடிப்பதையோ அவர்கள் தடுக்கவில்லை; முதலில் வரும் சீம்பாலைப் பீய்ச்சி ஊற்றிவிட்டுப் பிள்ளைக்குச் சர்க்கரைத் தண்ணீர் கொடுப்பதை மட்டும் விடாப்பிடியாக மாற்றினார்கள். கிளினிக்குக்கென்று கட்டடம் இல்லாத ஊர்களில் பாடசாலை மண்டபமோ வாசிகசாலையோ கோயில் மடமோ மாதத்தில் ஒருநாள் கிளினிக்காகும். கூரை வளையில் தொங்கவிட்ட தராசில் பிள்ளைகளை நிறுப்பார்கள். ஊரில் ஏற்கெனவே வழிவழியாகப் பிரசவம் பார்த்துவந்த மருத்துவிச்சிமாரை இவர்கள் ஒரே நாளில் அகற்றிவிடவில்லை. பல குறிச்சிகளில் இருவரும் நெடுங்காலம் ஒரே வீட்டுக்குள் இருந்தார்கள், ஒருவர் பிள்ளையைக் குளிப்பாட்ட மற்றவர் கொடியைப் பார்த்தார்.

இதுவரை சொன்னவை உறுதியானவை. இந்தச் சேவையால்தான் இறப்புகள் குறைந்தனவா என்பதில் அவ்வளவு உறுதி இல்லை. இலங்கையில் 1946இல் ஆயிரம் பேருக்கு ஏறத்தாழ 20 ஆக இருந்த இறப்பு வீதம் 1947இல் 14 அளவுக்கு இறங்கியது. ஆயிரம் உயிர்ப்பிறப்புகளுக்கு 1946இல் 15க்கு மேல் இருந்த தாய் இறப்பு 1950இல் 6க்குக் கீழே வந்துவிட்டது. உலகமே வியந்த இந்த வீழ்ச்சிக்கு, 1946 முதல் வீடுகளின் உட்சுவர்களில் அடித்த நுளம்புகொல்லி மருந்தான டி.டி.ரி.தான் காரணம் என்று ஒரு சாரார் எழுதினார்கள். மலேரியா அரிதாக இருந்த மாவட்டங்களிலும் இறப்பு குறைந்ததைக் காட்டி, வைத்தியசாலைகளும் மருத்துவிச்சிகளும் உணவுப் பங்கீடும் போருக்குப் பிந்திய நல்வாழ்வும் காரணம் என்று மற்றொரு சாரார் வாதித்தார்கள். பின்னர் மாவட்டவாரியாகக் கணக்கிட்டவர்கள், இரண்டுக்கும் பங்குண்டு என்றும், மலேரியாவின் பங்கு முதற்சாரார் சொன்ன அளவு பெரிதல்ல என்றும் முடிவுகண்டார்கள். நானும் அந்த நடுநிலையையே ஏற்கிறேன். மலேரியாவால் இரத்தம் குன்றிய கர்ப்பிணி பிரசவத்தில் தப்புவது அரிது. ஆதலால் தாய் இறப்புக் குறைவிலும் டி.டி.ரி.க்கு ஒரு பங்கு உண்டு, பெனிசிலினுக்கும் உண்டு. மிட்வைப்பின் பங்கு இவ்வளவு என்று எண்ணால் பிரித்துச் சொல்வது நேர்மையாகாது. ஆனால் டி.டி.ரி. அடிப்பது தளர்ந்து 1968–69இல் மலேரியா பெருமளவில் திரும்ப வந்தபோது, இறப்பு வீதம் 1946இன் நிலைக்குத் திரும்பவில்லை. இடையில் கிராமங்களில் வேறு ஏதோ நிலைபெற்றுவிட்டது என்பதற்கு அதை ஒரு சான்றாகக் கொள்ளலாம்.

அந்த "வேறு ஏதோ" என்பதில் சுகாதாரத் திணைக்களத்துக்கு வெளியே நடந்தவற்றையும் சேர்க்க வேண்டும். 1931இல் சர்வசன வாக்குரிமை வந்தது. முழுச் சுயாட்சி கோரிய வாலிபர் காங்கிரஸின் வேண்டுகோளை ஏற்று யாழ்ப்பாணம் அந்தத் தேர்தலைப் பகிஷ்கரித்தது. 1934இல்தான் நமது ஆசனங்கள் நிரம்பின. வாக்குக் கேட்டு வருபவரிடம் டிஸ்பென்சரி கேட்கலாம் என்பதை ஊர்கள் அதன்பின் விரைவில் கற்றுக்கொண்டன. பெண்கள் படித்திருந்ததும் பெரிய காரணம். உடுவிலில் பெண்பிள்ளைகளுக்கான விடுதிப் பாடசாலை 1824இலேயே தொடங்கிவிட்டது. மிட்வைப்பாக வரக்கூடிய எழுத்தறிந்த பெண்களும், அவர் எழுதிக்கொடுத்த அட்டையை வாசிக்கக்கூடிய தாய்மாரும் ஒரே ஊரில் கிடைத்தது யாழ்ப்பாணத்துக்கு வாய்த்த பெரும்பேறு. மிஷனரிமாரின் ஆஸ்பத்திரிகளைவிட அவர்களுடைய பாடசாலைகளே பொதுச் சுகாதாரத்துக்கு அதிகம் உதவின என்று நான் நம்புகிறேன். இதைக் கணக்கால் நிறுவ முடியாது, என் அனுபவத்திலிருந்து வந்த கணிப்பாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

மிகுந்த வருத்தத்தோடு எழுதவேண்டிய பகுதி தண்ணீர். இத்தனை வைத்தியர்களை உருவாக்கிய யாழ்ப்பாணத்தில் நெருப்புக்காய்ச்சல் (டைபோய்ட்) ஏன் தலைமுறை தலைமுறையாகத் தங்கியது என்று எம் மாணவர்கள் கேட்பதுண்டு. நம் நிலம் சுண்ணாம்புக்கல். அதன் வெடிப்புகள் ஊடாக அழுக்கு நீர் வடிகட்டப்படாமலே கீழிறங்கும். கிணற்றுக்கும் மலசலகூடக் குழிக்கும் இடையில் 50 அடி இருக்கவேண்டும் என்று பரிசோதகர் சொல்வார். இரண்டு பரப்பு (பரப்பு நம்மூர் நில அளவு) காணியை நாலு பிள்ளைகளுக்குச் சீதனமாகப் பிரித்த வளவில் அந்த 50 அடிக்கு எங்கே போவது? குளோரீன் போட்டால் தண்ணீர் மணக்கிறது என்று ஊற்றி இறைத்துவிடுவார்கள். இவை இயற்கையின், வறுமையின் தடைகள். ஆனால் இன்னொரு தடை நாமே வைத்தது. ஒடுக்கப்பட்ட சாதியினர் பொதுக் கிணற்றில் தாமே அள்ள முடியாமல், யாராவது வந்து ஊற்றும்வரை குடத்தோடு காத்துநின்ற காலம் வெகு தொலைவில் இல்லை. 1957இல் சாதி காரணமாகப் பொது இடங்களில் தடுப்பதைக் குற்றமாக்கிய சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் வந்த பிறகும், 1960களின் பிற்பகுதியில் தேநீர்க்கடைக்கும் கோயிலுக்குமாகப் போராட்டம் நடத்த வேண்டியிருந்தது. கைகழுவுங்கள் என்று சொல்லப்போன நாங்கள், கழுவத் தண்ணீர் கிடைக்காதவர்களிடம் அதைச் சொன்னோம். மிட்வைப்மாருள்ளும் சிலர் அந்தக் குறிச்சிகளில் வீட்டுக்குள் போகாமல் படலையில் நின்று கேட்டுவிட்டுத் திரும்பினார்கள். அந்தச் சமூகங்களிலிருந்து வந்த மிட்வைப்மாரைத் திண்ணையோடு நிறுத்திய வீடுகளும் இருந்தன. பதிவேட்டில் இரண்டும் ஒரேமாதிரி "பார்வையிடப்பட்டது" என்றே எழுதப்பட்டிருக்கும். இந்த வரலாற்றைப் பெருமையோடு எழுதுபவர்கள் இதையும் எழுதவேண்டும்.

சேவையின் வலு எதில் தங்கியிருந்தது என்பதை எனக்குத் தெளிவாகக் காட்டியது போர்க்காலம். 1990களில் எரிபொருளும் மின்சாரமும் இல்லாமல், மருந்து கப்பலில் வந்து சேர்ந்த நாட்களில், தடுப்பூசியை ஐஸ் வைத்த பெட்டியில் கட்டிச் சைக்கிளிலேயே கிளினிக்குகளுக்குக் கொண்டுபோனோம்; அந்த முறை தொடக்கத்திலிருந்தே சைக்கிளுக்காக அமைந்தது என்பதால் வாகனம் நின்றபோது அது நிற்கவில்லை. 1995 ஒக்ரோபர் இறுதியில் குடாநாட்டின் மேற்குப் பகுதியான வலிகாமம் முழுவதும் கிழக்கே தென்மராட்சிக்கு இடம்பெயர்ந்தபோது, உடுப்பு மூட்டையோடு தம் பதிவேடுகளையும் சுமந்துவந்த மிட்வைப்மாரை நான் அறிவேன். மரநிழல்களிலும் பாடசாலைகளிலும் தங்கியிருந்த சனத்துக்குள் தம் குறிச்சிக் கர்ப்பிணிகளைப் பெயர்சொல்லித் தேடிக் கண்டுபிடிக்க அந்தப் பதிவேடுகளே உதவின. நவீன கருவிகள் நிறைந்த வைத்தியசாலைகள் அந்த நாட்களில் ஓய்ந்துபோயிருந்தன.

ஆகவே உங்கள் கேள்விக்கு நேரடியான பதில் இது. அந்த மிட்வைப் அம்மாவை அனுப்பியது அரசாங்கம். அவர் வந்தபோது வீட்டார் படலையைத் திறந்ததில் மிஷன் வைத்தியசாலைகளும் பாடசாலைகளும் முன்னரே உண்டாக்கிய நம்பிக்கைக்குப் பெரும் பங்குண்டு. உங்கள் அம்மம்மாவிடம் இன்னும் கேட்க முடியுமானால், கிளினிக் எந்த இடத்தில் நடந்தது, முதற் பிள்ளைக்கும் கடைசிப் பிள்ளைக்கும் இடையில் என்ன மாறியது, பிள்ளை பிறந்தபோது பழைய மருத்துவிச்சியும் கூட இருந்தாரா, தண்ணீர் எந்தக் கிணற்றில் அள்ளினார்கள் என்று கேட்டு எழுதிவையுங்கள். அவை எந்த அறிக்கையிலும் இல்லாத செய்திகள். நான் சொன்னவை வலிகாமத்தையும் தென்மராட்சியையும் அண்டிய அனுபவம். தீவுப் பகுதியில், குறிப்பாகக் கடல் கொந்தளிக்கும் மாதங்களில் நெடுந்தீவில் ஒரு தாய்க்குப் பிரசவ வலி எடுத்தால் நிலைமை வேறு. அங்கே பணியாற்றியவர்கள் யாராவது இதை வாசித்தால், அந்தப் பகுதியை அவர்களே எழுதவேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.